இரண்டு விசில் ஊதினால் ஆறாம் வகுப்பு

மரியாதைக்குரிய மூத்த அண்ணனுக்கு, உங்கள் ஒரே தங்கை எழுதிக்கொள்வது. இங்கே நான், என் வீட்டுக்காரர், மகள், பேத்தி எல்லோரும் சுகம். உங்கள் முழங்கால் வலி எப்படி இருக்கிறது என்று வீட்டுக்காரர் கேட்கச் சொன்னார். கேட்டுவிட்டேன். அண்ணியை மட்டும் நானாகவே விசாரிக்கிறேன்.

நீங்கள் போன மாதம் போட்ட கடிதத்தில், இரண்டாம் பக்கம், மேலிருந்து ஆறாவது வரியில் எழுதியிருந்தீர்கள்: "பெரிய பள்ளிக்கூடம் போகப் பேத்தி பயந்தால் வற்புறுத்தாதே. ஒரு வருஷம் வீட்டில் இருக்கட்டும், தானாகச் சரியாகிவிடும். ஒன்றும் குடி முழுகிப் போகாது." இது எனக்குப் புதிய புத்திமதி இல்லை. ஐம்பத்தெட்டு வருடத்துக்கு முன்னால் ஒரு செவ்வாய்க்கிழமை, மூன்றாவது பொத்தான் இல்லாத பச்சைச் சட்டையைப் போட்டுக்கொண்டு, பேனா மூடியால் காது குடைந்தபடியே, அப்பாவிடம் என்னைப் பற்றி இதையேதான் சொன்னீர்கள். அப்போது நான் ஐந்தாம் வகுப்பில் இரண்டாவதாக வந்திருந்தேன். முதலாவதாக வந்தவள் வாத்தியார் மகள், அதை நான் சேர்த்துக்கொள்வதில்லை. அந்த ஒரு வருஷம் எனக்கு இன்னும் முடியவில்லை, அண்ணா. கோபத்தில் சொல்லவில்லை. ஞாபகம் இருப்பதால் சொல்கிறேன்.

உங்கள் கடிதத்துக்கு உடனே பதில் போடாததற்குக் காரணம், பதிலைச் செய்து காட்டிவிட்டு எழுதலாம் என்று இருந்தேன். பேத்தி ஐந்து வருஷமும் ஒரே அறை, ஒரே டீச்சர், ஒரே பெஞ்சு என்று இருந்தவள். பெரிய பள்ளிக்கூடத்திலிருந்து நான்கு பக்கத்துக்கு ஒரு நோட்டீஸ் வந்தது. மூன்று மாடி. பாடத்துக்குப் பாடம் வேறு அறை. மணி அடித்தால் ஐந்து நிமிடத்துக்குள் அடுத்த அறைக்கு ஓட வேண்டும். ஆளுக்கொரு சின்ன அலமாரி, அதற்கு நம்பர் பூட்டு. இதைப் படித்துவிட்டு அவள் கட்டிலுக்கு அடியில் போய்ப் படுத்துக்கொண்டு, "நான் போகல, என்னை விட்டுடுங்க" என்றாள். முதல் திங்கட்கிழமை வராவிட்டால் இடத்தை வேறு பிள்ளைக்குக் கொடுத்துவிடுவோம் என்று கடைசிப் பக்கத்தில் போட்டிருந்தது. மகள் நர்ஸ் வேலைக்குக் கிளம்பிக்கொண்டே, "அம்மா, நீதான் பாத்துக்கணும்" என்று சொல்லிவிட்டுப் போனாள். அவள் அப்படிச் சொன்னதே தப்பு. பார்த்துக்கொள் என்று என்னிடம் சொன்னால் நான் பார்த்துக்கொள்வேன்.

பள்ளிக்கூடம் திறக்க ஆறு வாரம் இருந்தது. அன்றைக்கே வீட்டைப் பள்ளிக்கூடமாக மாற்றினேன். சமையலறையில் கணக்கு, குளியலறையில் அறிவியல், மாடிப்படியில் வரலாறு, துணி காயப்போடும் இடத்தில் பூகோளம், இப்படி ஆள் நிற்க முடிகிற இடம் எத்தனையோ அத்தனை பீரியட் என்று வைத்ததில் பதினொன்று வந்தது. அவள் ஒருத்தியாக ஓடினால் நன்றாக இராது என்று, அதே பள்ளிக்கூடத்தில் சேரப்போகும் தையற்காரர் மகளையும் மருந்துக்கடைக்காரர் மகளையும் கூட்டி வந்தேன். மணிக்கு என்ன செய்வது என்று யோசித்தபோது வீட்டுக்காரர் பரணில் ஏறி, முப்பத்தோரு வருஷம் பஸ் கண்டக்டராக ஊதிய விசிலை எடுத்துக்கொண்டு இறங்கினார். வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகு அவர் முகத்தில் அப்படி ஒரு களையை நான் பார்த்ததில்லை. "ஒரு விசில்னா நிக்கணும். ரெண்டு விசில்னா போகணும். உசுரே போனாலும் மாத்தக் கூடாது, புரியுதா?" என்றார். பிள்ளைகள் மூன்றும், "ரைட்" என்றன.

நம்பர் பூட்டு ஒன்று வாங்கிப் பழகட்டும் என்று சமையலறை அலமாரியில் மாட்டினேன். மருந்துக்கடைக்காரர் மகள் நம்பரை மாற்றி வைத்துவிட்டு, என்ன மாற்றினோம் என்பதை மறந்துவிட்டாள். உள்ளே சர்க்கரை, டீத்தூள், என் மூக்குக்கண்ணாடி. வீட்டுக்காரர் பூஜ்யம் பூஜ்யம் ஒன்றிலிருந்து வரிசையாகத் திருகிப் பார்த்து நானூற்றுப் பதினேழில் கண்ணயர்ந்துவிட்டார். எழுந்தபோது எதில் விட்டார் என்று தெரியவில்லை, மறுபடி ஒன்றிலிருந்து. மூன்று நாள் வெறும் வெந்நீர் குடித்தோம். நாலாம் நாள் பேத்தி வந்து, "ஏன் தாத்தா கீழேருந்தே ஏறிட்டிருக்கீங்க? மேலேருந்து இறங்கி வந்தா என்னவாம்?" என்று தொள்ளாயிரத்துத் தொண்ணூற்று ஒன்பதிலிருந்து ஆரம்பித்தாள். பதினாலாவது திருகலில் திறந்தது. பயந்த பிள்ளைக்கு மூளை இல்லை என்று யார் சொன்னது? நீங்கள் சொல்லவில்லை, ஆனால் நினைத்திருப்பீர்கள்.

பிறகு நெரிசல் பாடம். பெரிய பிள்ளைகள் வராந்தாவில் இடித்துத் தள்ளுவார்கள் என்றுதான் இவளுக்கு அதிகப் பயம். நடையில் தையற்காரர், அவர் மனைவி, பால்காரர் எல்லோரையும் நிற்க வைத்தோம். வீட்டுக்காரர் வாசற்படியில் தொற்றிக்கொண்டு, "உள்ள போ, உள்ள போ, நடுவுல காலியாத்தான் இருக்கு, பையை முன்னாடி போட்டுக்க" என்று கத்த, மூன்று பெண்களும் புகுந்து புகுந்து வெளியே வரப் பழகினார்கள். அந்த நேரம் பார்த்து ஆபீஸுக்குக் கிளம்பி மாடியிலிருந்து இறங்கிய குடித்தனக்காரர் நடுவில் மாட்டிக்கொண்டார். ஒரு விசில் ஊதியதும் அவரும் நின்றுவிட்டார். இரண்டு விசில் ஊதியதும் குளியலறைக்குப் போய் அறிவியல் பீரியடும் உட்கார்ந்தார். மறுநாள் அவர் ஆபீஸில் கொடுத்த விடுப்புக் கடிதத்தில் என்ன காரணம் எழுதினார் என்று இதுவரை எங்களிடம் சொல்லவில்லை.

ஒரு நாள் மகள் லீவு போட்டுவிட்டு மூன்று பெண்களையும் அறைக்குள் உட்கார வைத்து, இனி உடம்பில் என்னென்ன மாறும், வகுப்பில் இருக்கும்போது மாதவிலக்கு வந்தால் என்ன செய்ய வேண்டும், யாரிடம் கேட்க வேண்டும் என்று கூச்சமில்லாமல் சொல்லிக் கொடுத்தாள். ஆளுக்கொரு சின்னத் துணிப்பையில் வேண்டியதை வைத்துக் கொடுத்தாள். நானும் கதவோரம் நின்று கேட்டேன். அதில் பாதி எனக்கே இப்போதுதான் தெரிந்தது. அன்று சாயங்காலம் வீட்டுக்காரர் புத்தகப்பை சோதனை செய்யும்போது அந்தச் சின்னப் பை கையில் வந்தது. ஒரு நிமிடம் பார்த்தார். அப்படியே திரும்ப வைத்து ஜிப்பை இழுத்துவிட்டு, சுவரைப் பார்த்துக்கொண்டு, "இந்த லக்கேஜுக்கு டிக்கெட் கிடையாது, போலாம்" என்று இரண்டு விசில் ஊதினார். அவரை நான் பல விஷயங்களில் மன்னிக்கவில்லை. அன்றைக்கு இரண்டு விஷயத்தைக் குறைத்துக்கொண்டேன்.

திங்கட்கிழமை வந்தது. கட்டிலுக்கு அடியில் ஆள் இல்லை. மூவரையும் கூட்டிப் போய் வாசலில் விட்டுவிட்டு, நானும் வீட்டுக்காரரும் கம்பி வேலிக்கு வெளியே நின்று பார்த்தோம். பிள்ளைகள் வரிசையாக நின்றார்கள். உடற்பயிற்சி வாத்தியார் ஒரு விசில் ஊதினார். நானூறு பிள்ளைகள் நடக்க ஆரம்பித்தார்கள். நம்முடைய மூன்றும் ஆணி அடித்தது போல் நின்றன. தையற்காரர் மகள் தூக்கிய காலைக்கூடக் கீழே வைக்கவில்லை. பின்னால் வந்ததெல்லாம் இவர்கள் மேல் மோதிச் சரிந்தது. வாத்தியார் ஓடி வந்து இன்னொரு விசில் ஊதினார். இன்னும் கெட்டியாக நின்றார்கள்.

"ஏம்மா, நட! காது கேக்கலயா?"

"கேக்குது சார். நீங்க இன்னும் நிறுத்திட்டே இருக்கீங்க சார்" என்றாள் பேத்தி.

"யாரு நிறுத்தினது? போங்கன்னுதானே ஊதறேன்!"

"அப்ப ரெண்டு குடுங்க சார்."

நான் வேலிக்கு வெளியிலிருந்து, "ரெண்டு ஊதுங்க வாத்தியாரே, ரெண்டு!" என்று கத்தினேன். அவர் என்னைப் பார்த்து முறைத்தார். வீட்டுக்காரருக்குப் பொறுக்கவில்லை. சட்டைப் பையிலிருந்து விசிலை எடுத்து முப்பத்தோரு வருஷ மூச்சையும் சேர்த்து இரண்டு ஊதினார். மூன்று பிள்ளைகளும் அம்பு மாதிரி கிளம்பினார்கள். அதில் தப்பில்லை. ஆனால் எங்கள் முதுகுக்குப் பின்னால் நிறுத்தத்தில் நின்ற பஸ்ஸும் கிளம்பிவிட்டது. அதன் கண்டக்டர் எதிரே டீக்கடையில் இருந்தார். டம்ளரோடு ஓடினார். அந்த பஸ்ஸில் இறங்குவதற்காகப் படியில் ஒரு காலை வைத்திருந்த அம்மாள்தான் பள்ளிக்கூடத்துத் தலைமையாசிரியை. பாவம், அடுத்த நிறுத்தம் வரை போய் நடந்து வந்தார்.

அவர் வருவதற்குள் உள்ளே ஒரே களேபரம். எந்த வகுப்பு எந்த அறை என்று சொல்ல ஆள் இல்லை. புதுப் பிள்ளைகள் அழுதுகொண்டு படியில் நின்றார்கள். நம் பேத்தி நெரிசலுக்குள் புகுந்து, பையை முன்னாடி போட்டுக்கொண்டு, "உள்ள வாங்க, நடுவுல காலியாத்தான் இருக்கு" என்று சத்தம் போட்டு, பத்தொன்பது பிள்ளைகளை மூன்றாவது மாடிக்குக் கொண்டுபோய்ச் சேர்த்திருக்கிறாள். தலைமையாசிரியையே சாயங்காலம் என்னிடம் சொன்னார். விசில் விஷயத்தையும் சொன்னார், அதை இங்கே எழுத இடம் இல்லை.

இன்று வெள்ளிக்கிழமை. ஐந்து நாளும் போய்விட்டாள். ஆகவே அண்ணா, உங்கள் ஆறாவது வரிக்கு என் பதில் இதுதான்: அவள் வீட்டில் இருக்கவில்லை. என் பயிற்சியால் போனாள். பெண் பிள்ளை பயந்தால் உட்கார வைப்பதில்லை, பழக்கி அனுப்புவது என்று இந்த வயதிலாவது தெரிந்துகொள்ளுங்கள். இந்தக் கடிதத்தை அண்ணி முன்னால் உரக்கப் படிக்கவும்.

அண்ணிக்கு என் அன்பு. உங்கள் பேரப்பிள்ளைகள் நீண்ட ஆயுளோடும், முக்கியமாக நீண்ட படிப்போடும் இருக்க என் ஆசிகள். உங்கள் முழங்காலும் குணமாகட்டும். இதை நானாகவே சொல்கிறேன்.

இப்படிக்கு,
ஐந்தாம் வகுப்பில் இரண்டாவதாக வந்த உங்கள் தங்கை

பின்குறிப்பு: உறையை ஒட்டுவதற்குள் பேத்தி இதை எடுத்துப் படித்துவிட்டு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறாள். என்னடி என்றேன். "பாட்டி, உன் பயிற்சியால போனேன்னு யாரு சொன்னா? நம்ம வீட்டுல தப்பிச்சா போதும்னு போனேன். அங்க எட்டு பீரியட்தான். அதுலயும் ஒரு பீரியட்ல சும்மா உக்காந்திருன்னு சொன்னாங்க. சனி, ஞாயிறும் திறப்பாங்களான்னு கேட்டுட்டு வந்திருக்கேன்" என்கிறாள். கட்டிலுக்கு அடியிலிருந்து அவளை வெளியே வர வைத்தது வீட்டில் இருந்த அந்த ஆறு வாரம்தானாம். அப்படியானால், பயந்த பிள்ளையை வீட்டில் வைத்திருந்தால் தானாகச் சரியாகும் என்று நீங்கள் எழுதியது சரியாகப் போய்விட்டது. தெரிந்து சொல்லவில்லை என்பது எனக்கும் தெரியும், உங்களுக்கும் தெரியும். கடிதத்தைத் திருத்தி எழுத வேறு தாள் இல்லை. அண்ணி முன்னால் படிக்கும்போது மேலே உள்ளதை மட்டும் படிக்கவும். கையெழுத்தும் மேலே போட்டதோடு சரி. இதற்குக் கீழே நான் போடமாட்டேன்.