அப்பாவின் நசுங்கிய விரலும் உன் ஞாயிற்றுக்கிழமை வேனும்

அன்புள்ள அண்ணனுக்கு,

தங்கை எழுதுவது. இங்கே அனைவரும் நலம், அப்பாவின் இடது கால் நான்காம் விரல் நீங்கலாக. அங்கே நீயும் அண்ணியும் பிள்ளைகளும் எல்லா விரல்களோடும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். போனில் பேசினால் நீ குறுக்கே பேசுவாய், நான் பாதியில் வைத்துவிடுவேன். அதனால்தான் கடிதம்.

ஆஸ்பத்திரிச் சீட்டை அப்பா உனக்குப் படம் எடுத்து அனுப்பியிருக்கக் கூடாது. அதில் 'நசுங்கல் காயம்' என்று இருந்ததைப் பார்த்துப் பதறி, ஞாயிற்றுக்கிழமை வேனோடு வந்து அப்பாவை உன் வீட்டுக்கே கூட்டிப் போவதென்றும் அவர் இருக்கும் நம் வீட்டை வாடகைக்கு விடுவதென்றும் முடிவு கட்டிவிட்டாய். ஆஸ்பத்திரிப் பதிவேட்டில் காயங்களுக்கு எண் போடுவதே பிழைப்பாகக் கொண்டவள் என்ற முறையில் சொல்கிறேன்: எங்கள் புத்தகத்தில் லாரிக்கு அடியில் சிக்கினாலும் நசுங்கல்தான், விரல் மேல் ஏதாவது விழுந்தாலும் நசுங்கல்தான். எந்த உறுப்பு என்பதை அடுத்தடுத்த இலக்கங்கள்தான் சொல்லும். பெருவிரலுக்குத் தனி எண் உண்டு. மற்ற நான்கையும் சில்லறை விரல்கள் என்று ஒரே எண்ணில் அடைத்துவிட்டார்கள். அப்பாவுடையது அந்தச் சில்லறையில் ஒன்று, எலும்பும் முறியவில்லை. கடைசியில் வரும் எழுத்து ஏ என்றால் வைத்தியம் நடக்கிறது, டி என்றால் ஆறி வருகிறது. அப்பாவுக்கு நேற்று டி விழுந்துவிட்டது. டி விழுந்தவரை யாரும் வேனில் ஏற்றிக்கொண்டு போவதில்லை.

சொந்தக்காரர்களுக்கு நாங்களே எண் போடக் கூடாது என்பதால் சீட்டு என் சக ஊழியரிடம் போனது. எங்கள் பிரிவில் அவளுக்குக் குடைச்சல் என்று பெயர். எது விழுந்தது, எங்கே விழுந்தது, அப்போது என்ன செய்துகொண்டிருந்தார் என்பதற்கெல்லாம் தனித்தனி எண் உண்டு. டாக்டர் எதையும் எழுதவில்லை. குடைச்சல் நேராகக் கட்டுப் போடும் அறைக்கே வந்துவிட்டாள்.

"என்ன விழுந்துச்சு ஐயா?"

"கனமான பொருள்மா."

"யானைகூட கனம்தான்."

"தையல் மெஷின்."

"அப்போ நீங்க என்ன செஞ்சுட்டிருந்தீங்க?"

"நின்னுட்டிருந்தேன்."

"சும்மா நிக்கிறவர் கால்ல மெஷின் தானா வந்து விழுந்துச்சா?"

"ஒரு பக்கம் நான் தூக்கினேன்."

"இன்னொரு பக்கம்?"

அப்பா அவளை விட்டுவிட்டு என்னைப் பார்த்தார். "உங்க ஆபீஸ்ல வேற வேலையே இல்லையா?"

"எந்த ரூம்ல நடந்துச்சுன்னு மட்டும் சொல்லுங்க, போயிடறேன்" என்றாள் குடைச்சல்.

"முன் ரூம்."

"உங்க வீட்டு முன் ரூமா?"

"முன் ரூம்னா முன் ரூம்தான்மா."

நம் வீட்டில் தையல் மெஷின் கிடையாது என்பது உனக்குத் தெரியும். எதிர் வீட்டுத் தையல்கார அம்மாளிடம் இருக்கிறது. அவரேதான் அப்பாவை ஆட்டோவில் ஏற்றிவந்து, கழற்றிய செருப்பை ஒரு பையில் போட்டு மடியில் வைத்துக்கொண்டு வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். அறைக்கு எண் கேட்கும் புத்தகம், யாருடைய அறை என்று கேட்பதில்லை. அந்த மட்டில் அது நாகரிகமானது. நீயும் கேட்காதே. அக்கம்பக்கத்து ஒத்தாசை, அதற்கு மேல் அதில் ஒன்றுமில்லை. இருந்தால் என் கண்ணில் படாமல் போயிருக்காது.

அப்பா உன் வீட்டுக்கு வர மாட்டேன் என்று உன்னிடம் சொல்ல மாட்டார். என்னிடம் சொன்னார். "அவன் நல்லவன்தான். ஆனா அங்க நான் பாத்ரூம் போனாக்கூட யாராவது வந்து கதவைத் தட்டி, உள்ள எல்லாம் சரியா இருக்கானு கேக்கறாங்க." பிறகு, "எனக்கு இந்தத் தெரு போதும்" என்றார். அவ்வளவுதான் அவர் கேட்பது. அவர் தன் வீட்டில், அம்மா போன பிறகு இருந்துவந்ததுபோலத் தனியாகவே, தன் சமையலைத் தானே செய்துகொண்டு இருப்பார். இதற்கு நான் பொறுப்பு. வேனை ரத்து செய்.

அண்ணியை விசாரித்ததாகச் சொல். பிள்ளைகள் நன்றாகப் படிக்கட்டும். வீட்டுக்குள்ளும் செருப்பு போட்டு நடக்கட்டும்.

இப்படிக்கு,
உன் தங்கை

பின்குறிப்பு: கடிதத்தை ஒட்டுவதற்கு முன் அப்பாவை ஒருமுறை பார்த்துவிட்டு வரலாம் என்று போனேன். வீடு பூட்டிக் கிடந்தது. எதிர் வீட்டு முன் அறையில் காலை முக்காலியில் நீட்டிக்கொண்டு, ஊசியில் நூல் கோத்துக்கொண்டிருந்தார். இருவரும் போன வாரமே பதிவு அலுவலகத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டார்களாம். "உன்கிட்ட சொல்லலாம்னுதான் இருந்தேன். நீ எதுக்கெடுத்தாலும் ஆதாரம் கேப்பியே" என்றார். கேட்டேன். கல்யாணச் சான்றிதழைக் காட்டினார். ஆகவே நம் வீட்டைத் தாராளமாக வாடகைக்கு விடலாம். வேனையும் ரத்து செய்ய வேண்டாம். கட்டில், பீரோ, மேசை எல்லாம் தெருவைக் கடக்க வேண்டியிருக்கிறது, எல்லாவற்றிலும் ஒரு பக்கம் தானே தூக்குவதாக அப்பா சொல்லிக்கொண்டிருக்கிறார். சீக்கிரம் வா.