இருபது கிராம் தூங்குமூஞ்சி முதலை

வீப்கே டோன்யஸ் அந்த மருந்துச்சீட்டைக் கண்ணாடி போட்டு ஒருமுறை படித்தாள், கழற்றிவிட்டு ஒருமுறை படித்தாள். இரண்டு முறையும் அதேதான் எழுதியிருந்தது. பெயர் ஒன்னோ ஹார்ம்ஸ். முகவரி கடலணைத் தெரு. நோய் தூக்கமின்மை. மருந்து கஞ்சாப் பூ, 'தூங்குமூஞ்சி முதலை' ரகம், இருபது கிராம்.

இருமல் மருந்துக்கு இருமல் மருந்து என்றே பெயர் வைத்த காலத்தில் மருந்துக்கடைத் தொழில் கற்றவள் அவள். முதலையையெல்லாம் பொட்டலம் கட்டிக் கொடுக்க வேண்டி வரும் என்று கனவிலும் நினைத்ததில்லை.

"யாருக்கு இது?"

"எனக்குத்தாம்மா," என்றான் ஒன்னோ. கடலணையில் ஆடு மேய்ப்பவன். கக்கத்துக்கு ஒன்றாக இரண்டு ஆடுகளை இடுக்கிக்கொண்டு நடக்கிற உடம்பு.

"உனக்குத் தூக்கம் வரலையா? போன ஞாயித்துக்கிழமை சர்ச்சுல குறட்டை விட்டியே. பாதிரியார் பேசினதைவிட அதுதான் தெளிவாக் கேட்டுச்சு."

"அது பகல் தூக்கம். ராத்திரிதான் வர மாட்டேங்குது."

"ஏன்?"

ஒன்னோ பின்கட்டு ஜன்னல் பக்கம் ஒரு பார்வை பார்த்தான். பிறகு தன் ரப்பர் பூட்ஸைப் பார்த்தான். "என்ன சொல்றது. எல்லாம் சட்டப்படிதானே நடக்குது," என்றான்.

வீப்கேவுக்கு மூக்கில் வேர்த்தது. பின்கட்டு அறையில்தான் கஞ்சா டப்பாக்கள் இருந்தன. இவன் எதற்கு அந்தப் பக்கம் பார்க்கிறான்? சட்டத்தைப் பற்றி எதற்குப் பேசுகிறான்?

ஆனால் சீட்டு செல்லும் சீட்டு. சந்தேகம் இருந்தால் மருந்து தர மறுக்கலாம், ஆனால் சந்தேகத்துக்குக் காரணம் காட்ட வேண்டும். சந்தேகம் அவளிடம் மூட்டை மூட்டையாக இருந்தது. காரணம்தான் கிடைக்கவில்லை. வாயை இறுக்கிக்கொண்டு முதலையை நிறுத்துக் கொடுத்தாள்.

"மோய்ன்," என்று சொல்லிவிட்டு அவன் போனான். அந்த ஊரில் வரும்போதும் அதுதான், போகும்போதும் அதுதான். நடுவில் யாரும் அதிகம் பேசுவதில்லை.

சட்டம் மாறி, கஞ்சாவும் மற்ற மருந்துகள் மாதிரி சாதாரணச் சீட்டுக்குக் கிடைக்கும் என்று ஆனதிலிருந்து நாடு முழுக்க வியாபாரம் பொங்கிக்கொண்டிருந்தது. கனடாவிலிருந்தும் போர்ச்சுகலிலிருந்தும் பெட்டி பெட்டியாக வந்தது. க்ரோன்ஸீல் கடற்கரை ஊரில் முதலில் வாங்கியவர்கள் இரண்டே பேர். கால் நரம்பு வலிக்கு ஒரு பழைய படகோட்டி, தசை இறுகும் நோய்க்கு ஓர் ஆசிரியை. அவர்கள் மேல் வீப்கேவுக்குச் சந்தேகம் இல்லை. அதாவது, அதிகம் இல்லை.

ஒன்னோ வருவதற்கு முன்பே சரக்கு சேர்ந்து, திருட்டுப் பயம் பிடித்துக்கொண்டது. கடை இருப்பது கடலணைத் தெருவில், அவள் குடியிருப்பதோ கால்வாய்க்கு அப்பால் வேறொரு கிராமத்தில். அதனால் ஜன்னலுக்குக் கம்பி போட்டாள். வாங்க வருபவர்களிடம் அடையாள அட்டை கேட்டாள். பின்கட்டுக்கு ஹெக்டர் என்ற நாயை வாங்கினாள். துறைமுகச் சுங்கத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்ற நாய் அது, கஞ்சா வாசனை அத்துப்படி. கம்பி எதற்கு, அடையாள அட்டை எதற்கு, நாய் எதற்கு என்று யார் எதைக் கேட்டாலும் அவளுடைய பதில் ஒன்றுதான்.

"சட்டம்."

அந்த ஊரில் ஒருவர் வாயை அடைக்க அதைவிட நல்ல சொல் கிடையாது.

ஆனாலும் சந்தேகம் தீரவில்லை. ஒன்னோவைத் தொடர்ந்து ரொட்டிக்கடை ஐலர்ட் வந்தார், தூக்கமின்மை. தபால்காரர் வந்தார், தூக்கமின்மை. எல்லாரும் கடலணைத் தெரு. எல்லாச் சீட்டிலும் இணையத்தில் வைத்தியம் பார்க்கும் டாக்டர் வலேரியஸ் என்பவரின் கையெழுத்து.

"மேடம், தெருவே சேர்ந்து போதையில கிடக்குதோ?" என்றாள் ஃபென்னா. கடையில் வேலை பார்ப்பவள், மூன்று பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பிவிட்டு எம்டனிலிருந்து பஸ்ஸில் வருபவள், வாய்த்துடுக்கு ஜாஸ்தி. "ஐலர்ட் இன்னைக்கும் ரொட்டியைக் கருக்கிட்டாராம். அடுப்பு முன்னாடி நின்னுக்கிட்டே தூங்கிட்டாராம்."

"அதே தெரு ஹாபெனா அம்மா என்ன பண்ணினாங்க தெரியுமா?" என்றாள் வீப்கே. "சர்ச்சுல ஆர்கன் வாசிக்கும்போதே தூங்கி முழங்கையைக் கட்டை மேல வச்சுட்டாங்க. ஒரே சுருதி, ஊன்னு. நாங்க அதுக்கும் எழுந்து நின்னோம்."

"வேற யாருக்கோ வாங்கி விக்கிறாங்களோ?"

"அதேதான் நானும் யோசிக்கிறேன். தீவுக்குப் போற படகுல எவ்வளவு வெளியூர்க்காரன் வர்றான்."

மறுநாள் காலை கடை திறக்க வந்த வீப்கே பின்கட்டில் ஹெக்டரைப் பார்த்தாள். நான்கு காலையும் நீட்டிப் போட்டு, நாக்கு வெளியே தொங்க, செத்த மாதிரித் தூங்கிக்கொண்டிருந்தது. தட்டினாள். ஒரு கண்ணைத் திறந்து அவளைப் பார்த்துவிட்டு மூடிக்கொண்டது.

"பாத்தியா ஃபென்னா. நாய்க்கும் ஏதோ கொடுத்திருக்காங்க."

"அடப்பாவிகளா. அப்ப அடுத்து கதவைத்தான் உடைப்பாங்க."

அன்றே வீப்கே, ஹெக்டரை விற்ற சுங்கக்காரருக்குப் போன் செய்து இரண்டாவது நாயையும் வரவழைத்தாள். அதன் பெயர் ஸெண்டா. ஹெக்டரோடு வேலை பார்த்ததுதான், குரல் மட்டும் அதைவிடக் கட்டை. இனி இரண்டையும் சேர்த்து எவனும் மயக்க முடியாது என்று நிம்மதியாக வீட்டுக்குப் போனாள்.

வாரம் திரும்புவதற்குள் ஸெண்டாவும் பகலெல்லாம் கவிழ்ந்தடித்துத் தூங்கியது. கடையில் கடலணைத் தெரு வரிசை கட்டியது.

இதைப் போலீசில் சொல்லிவிடுவது என்று வீப்கே முடிவு செய்து கோட்டை மாட்டினாள். கதவைத் திறந்தால் ஊர்ப் போலீஸ்காரர் தியார்க் வாசலில் நிற்கிறார். கண்ணுக்குக் கீழே கருவளையம், கையில் சீட்டு.

"நீங்களுமா?" என்றாள்.

"நானும் அந்தத் தெருதானேம்மா," என்றார் அவர் பாவமாக.

அவள் கோட்டைக் கழற்றினாள். போலீஸே உடந்தை. இனி அந்த டாக்டரைத்தான் கையும் களவுமாகப் பிடிக்க வேண்டும். போன் செய்தால் இயந்திரம் பேசியது. எனவே அவளே நோயாளியாகி, இணையத்தில் டாக்டர் வலேரியஸின் கேள்விகளுக்குப் பதில் எழுதினாள். தூக்கம் வருகிறதா? இல்லை. கவலை உண்டா? உண்டு. அடுத்தவர்கள் உங்களை ஏமாற்றுவதாகத் தோன்றுகிறதா? தோன்றுகிறது, ஏமாற்றுகிறார்கள். கடைசிப் பதிலை மட்டும் அவள் மனமாரத்தான் எழுதினாள்.

டீ ஆறுவதற்குள் டாக்டர் சீட்டு எழுதிவிட்டார். நோயாளிக்கு மிக அருகிலுள்ள மருந்துக்கடைக்கே நேராக அனுப்பியும் விட்டார். கடையில் ஏழெட்டுப் பேர் நிற்கும்போது ஃபென்னா அதை உரக்கப் படித்தாள்.

"அடுத்தது வீப்கே டோன்யஸ். தூங்குமூஞ்சி முதலை, இருபது கிராம்."

கடையே திரும்பிப் பார்த்தது. ஒன்னோ மட்டும் ஆதரவாகத் தலையாட்டினான்.

"அது ஒரு சோதனைக்கு," என்றாள் வீப்கே.

"எல்லாரும் முதல்ல சோதனைக்குத்தான் மேடம் ஆரம்பிக்கிறாங்க," என்றாள் ஃபென்னா.

ஆத்திரம் தாங்காமல் டாக்டருக்கு ஒரு கடிதம் எழுதினாள். முகத்தைக்கூடப் பார்க்காமல் ஆரோக்கியமான பெண்ணுக்குக் கஞ்சா எழுதிக் கொடுத்திருக்கிறீர்கள், இந்தக் கோபத்தில் நேற்று ராத்திரி நான் பொட்டுத் தூக்கம் தூங்கவில்லை என்று. பதில் உடனே வந்தது. தூக்கம் இன்னும் சீராகாததற்கு வருந்துகிறோம், அளவை இரட்டிப்பாக்கியிருக்கிறோம், விரைவில் குணமடைய வாழ்த்துகள்.

அதற்குப் பிறகும் சும்மா இருக்க அவளால் முடியுமா? மருந்துக்கடைகளை மேற்பார்க்கும் ஆய்வாளருக்கே புகார் எழுதினாள். என் கடையில் ஏதோ நடக்கிறது, உடனே வாருங்கள்.

ஆய்வாளர் ஸ்விட்டர்ஸ் வந்தார். ஒடிசலான மனிதர், எதைப் பார்த்தாலும் கொஞ்சம் அதிக நேரம் பார்ப்பவர். வீப்கே அந்த ஊர் வழக்கப்படி டீ ஊற்றினாள். கற்கண்டு போட்டு, பாலாடை விட்டு. மூன்று கோப்பை முடிந்தும் அவர் கரண்டியைக் கோப்பைக்குள் போடவில்லை. போட்டால்தான் போதும் என்று அர்த்தம். வந்தவர் சீக்கிரம் கிளம்புவதாக இல்லை.

"கஞ்சா மருந்து நாடு பூரா விக்குதும்மா. அது தப்பில்ல. ஆனா ஒரே ஒரு தெருவுக்கு மட்டும் தூக்கம் கெட்டுப்போன ஊரை நான் பாத்ததில்ல. ரயிலடிப் பக்கம் ஒருத்தர்கூட வாங்கலையே. அங்க எல்லாரும் நல்லாத் தூங்கறாங்களா?"

"அதைத்தான் சார் நானும் கேக்கறேன்."

"இந்த ஊர்லயே அதிக அளவு யாருக்கு எழுதியிருக்குன்னு தெரியுமா?"

"யாருக்கு?"

"உங்களுக்கு."

வீப்கே டீக் கெட்டிலைக் கீழே வைத்தாள். சோதனை, டாக்டர், கோபக் கடிதம் என்று எல்லாவற்றையும் மூச்சு விடாமல் சொன்னாள். சொல்லச் சொல்ல அவளுக்கே அது பொய் மாதிரி இருந்தது.

"நான் என்ன நினைக்கிறேன்னு சொல்லட்டுமா?" என்றார் ஸ்விட்டர்ஸ். "தெருக்காரங்க பேரை மட்டும் எடுத்துக்கிட்டு, சரக்கை நீங்க வேற எங்கேயோ அனுப்பறீங்க."

"நானா? நான்தானே சார் உங்களுக்குப் புகார் கொடுத்தேன்."

"தானே முன்வந்து புகார் கொடுக்கறவங்க மேலதான் எனக்கு முதல்ல சந்தேகம் வரும்."

அவர் இடத்தில் இருந்திருந்தால் அவளும் அப்படித்தான் நினைத்திருப்பாள். அதுதான் அவளை உலுக்கியது. இத்தனை நாளாகக் கல்லாவுக்கு இந்தப் பக்கம் நின்று சந்தேகப்பட்டே பழகியவள். அந்தப் பக்கம் நிற்பது எப்படி இருக்கும் என்று அவளுக்குத் தெரியாது. இப்போது தெரிந்தது.

ஸ்விட்டர்ஸ் எழுந்து பின்கட்டு ஜன்னலோரம் போனார். "இது என்ன?"

"காவல் நாய்ங்க."

"தூங்குதே."

"யாரோ எதையோ கொடுத்துடறாங்க சார்."

"யார் கொடுக்கறாங்க?"

"அது தெரியல."

"நாய் வைக்கணும்னு எந்தச் சட்டத்துலயும் இல்லையே."

"இல்லதான்," என்றாள் வீப்கே, ஃபென்னாவுக்குக் கேட்காத குரலில். "ஒரு பாதுகாப்புக்கு."

அவர் நாய்களைக் கொஞ்சம் அதிக நேரம் பார்த்தார். பிறகு அவளை. "இன்னைக்குச் சாயங்காலத்துக்குள்ள அந்தத் தெரு ஏன் தூங்கலைங்கறதுக்கு எனக்கு ஒரு காரணம் வேணும். இல்லைன்னா உரிமத்தை நிறுத்தி வைக்க வேண்டியிருக்கும். கடையைப் பூட்டிடலாம்."

ஊரில் இருப்பது அந்த ஒரு மருந்துக்கடைதான். அவளுக்கு இருப்பதும் அது ஒன்றுதான். கணவனில்லை, பிள்ளையில்லை, வேறு தொழில் தெரியாது. காரணம் கேட்கிறார். அவளும் மாதக்கணக்கில் அதைத்தானே தேடிக்கொண்டிருக்கிறாள்?

வாசல் மணி அடித்தது. ஆர்கன் வாசிக்கும் ஹாபெனா அம்மா உள்ளே வந்தார். நடந்து வந்தார் என்பதைவிட மிதந்து வந்தார் என்பது சரி. குடையை எடைபோடும் இயந்திரத்தின் மேல் சாத்திவிட்டு, சீட்டை நீட்டினார். "மோய்ன். எனக்கும் அந்த முதலை."

"ஒரு நிமிஷம்மா," என்று குறுக்கே வந்தார் ஸ்விட்டர்ஸ். அடையாள அட்டையைக் காட்டினார். "பயப்படாதீங்க. நிஜத்தைச் சொல்லுங்க. இந்த மருந்து உங்களுக்குத்தானா?"

"பின்னே யாருக்கு?"

"உங்களுக்கு ஏன் ராத்திரியில தூக்கம் வரல?"

ஹாபெனா அம்மா வீப்கேவைப் பார்த்தார். ஃபென்னாவைப் பார்த்தார். அரசாங்க முத்திரை போட்ட அட்டையை மறுபடி பார்த்தார்.

"நீங்கதான் சட்டம் போடறவரா?"

"போடறவன் இல்ல. அதுப்படி நடக்குதான்னு பாக்கறவன்."

"சட்டத்தைக் குறை சொன்னா தப்பில்லையே? நாங்க எல்லாரும் பொறுத்துக்கிட்டுத்தான் இருக்கோம். ஒருத்தரும் வாயைத் திறக்கல."

"தப்பே இல்ல. தாராளமாச் சொல்லுங்க."

ஹாபெனா அம்மா ஒரு கொட்டாவியை விழுங்கிவிட்டுச் சொன்னார்: "கஞ்சாவுக்குக் காவலா ராத்திரி பூரா ரெண்டு நாய் குரைக்கணும்னு நீங்க சட்டம் போட்டுட்டீங்க, அப்புறம் கஞ்சா இல்லாம நாங்க எப்படிங்க தூங்கறது?"