மன்மதனுக்கு எழுத்துப் போதவில்லை

மலேசியாவில் மன்மதனை நேரில் பார்த்த ஒரே ஆள் எங்கள் அஞ்சம்பு அண்ணன்தான். சிவபெருமான் எரித்த பிறகு மன்மதனுக்கு உடம்பு கிடையாது, ரதியின் கண்ணுக்கு மட்டும்தான் தெரிவான் என்பது புராணம். அதைப் போய் அண்ணனிடம் சொல்லிப் பாருங்கள்.

"மொகத்த எவன் பாத்தான்? எனக்கு முதுகுதான் தெரிஞ்சிச்சு. மழ விட்ட சாயங்காலம், கிளி மேல உக்காந்து ரயில்வே லைன் பக்கமா போனான் லா" என்பார். சொல்லும்போது முகத்தில் மருந்துக்கும் சிரிப்பு இருக்காது.

எண்பதுகளின் தொடக்கம். கோலாலம்பூரில் ஓர் அலுவலகத்தில் நான் புதிதாக வேலைக்குச் சேர்ந்திருந்தேன். பிரிக்பீல்ட்ஸில் ஒரு துணிக்கடையின் மாடி அறையில் அவருக்குப் பக்கத்துக் கட்டில் எனக்கு வாய்த்தது. அண்ணன் ஒரு லோரி கம்பெனியில் கிராணி. எந்த லோரி எந்த ஊருக்குப் போகவேண்டும் என்று எழுதிக் கொடுக்கும் வேலை. வயது நாற்பதை நெருங்கிக்கொண்டிருந்தது, கல்யாணம் ஆகவில்லை. வேலை நேரம் போக மிச்ச நேரத்தில் காதல் நாவல் எழுதுவார். உண்மையில் நாவல் எழுதியது போக மிச்ச நேரத்தில்தான் வேலை பார்த்தார்.

எந்தக் கதையானாலும் அதில் மன்மதன் வந்தாக வேண்டும். ரப்பர்த் தோட்டத்துக் கதையென்றால் மரத்துக்குப் பின்னால் ஒளிந்திருப்பான். பஸ் ஸ்டாண்டு கதையென்றால் டிக்கெட் எடுக்காமல் ஏறுவான். கையில் கரும்பு வில், முதுகில் ஐந்து மலர் அம்புகள். அதனால்தான் அண்ணனுக்கு அந்தப் பெயர். சொந்தப் பெயர் தபால்காரருக்கு மட்டும்தான் தெரியும்.

"ஏண்ணே, ஒரு கதையிலயாவது அவன விட்டுடக் கூடாதா?" என்று ஒருமுறை கேட்டேன்.

அவர் ஜன்னல் வழியே வெளியே பார்த்துக்கொண்டிருந்தார். "ஒடம்பு இல்லாதவனுக்குப் புஸ்தகம்தானே தம்பி வீடு. நாம எழுதலன்னா அவன் எங்க போயி தங்குவான்?" என்றார். கீழே பூக்கடையிலிருந்து மல்லிகை வாசம் ஏறி வந்தது. அந்த நேரத்தில் யார் எதைச் சொல்லியிருந்தாலும் நம்பியிருப்பேன்.

ஆனால் எறும்பை மன்னிக்க முடியாது. எழுதும்போது எதிரில் வில் இருந்தால்தான் வார்த்தை வரும் என்று, தெபு என்று இங்கே சொல்லும் கரும்பு விற்கும் கடையில் நன்றாக வளைந்த ஒரு முழுக் கரும்பை வாங்கி வந்து சுவரில் சாய்த்து வைத்தார். மறுநாள் ஊரில் உள்ள எறும்பெல்லாம் என் தலையணை வழியாகத்தான் அதைத் தரிசிக்கப் போனது. நான் கத்தினேன்.

"கோவப்படாத. மன்மதன் வில்லுக்கு நாணே வண்டுதான். பிரிக்பீல்ட்ஸ்ல வண்டுக்கு எங்க போறது? எறும்ப வெச்சி அட்ஜஸ்ட் பண்ணிக்குவோம்" என்றார்.

லோரி கம்பெனி முதலாளி எப்படி அட்ஜஸ்ட் பண்ணிக்கொண்டாரோ தெரியாது. ஒருநாள் ரவாங்குக்குப் போகவேண்டிய சிமெண்டு செமினிக்குப் போய்விட்டது. முதலாளி மேசையைத் தட்டினார்.

"ரவாங் எங்க இருக்கு, செமினி எங்க இருக்கு? நீ இங்க வேல செய்றியா, கத எழுதுறியா?"

"சாரி பாஸ். கதாநாயகி அந்த நேரத்துல செமினிக்குக் கெளம்பிட்டா."

முதலாளிக்கு அதற்குமேல் திட்ட வரவில்லை. அண்ணனைத் திட்டுவது மேகத்தைத் திட்டுவதுபோல. அது பாட்டுக்கு நகர்ந்துகொண்டிருக்கும்.

இப்படி எழுதிக் குவித்ததில் ஒரு நாவலையாவது அச்சில் பார்த்துவிட வேண்டும் என்பது அவருடைய வாழ்நாள் ஆசை. எங்கள் தெருவுக்குப் பின்சந்தில் ஒரு சின்ன அச்சகம் இருந்தது. அங்கே ஈய எழுத்துகளை ஒவ்வொன்றாகப் பொறுக்கி வரிவரியாக அச்சுக் கோப்பவர் தனம் அக்கா. முப்பதைத் தாண்டியவர், அதிகம் பேசமாட்டார். பேசினால் வெட்டு ஒன்று துண்டு இரண்டுதான்.

நாவலை அச்சுக்குக் கொடுத்த முதல் வாரமே அண்ணனை வரச்சொல்லி அக்கா ஆள் அனுப்பினார். நானும் கூடப் போனேன்.

"சார், எங்ககிட்ட 'ன்' இல்ல" என்றார்.

"என்ன மிஸ் இல்ல?"

"'ன்' எழுத்து. மன்மதன்னு ஒருக்கா போட்டா ரெண்டு 'ன்' போயிடுது. நீங்க வரிக்கு வரி மன்மதன்னு எழுதியிருக்கீங்க. ரெண்டு பக்கம் கோக்குறதுக்குள்ள பெட்டி காலி. பேர மாத்திக் குடுங்க. காமன்னு போட்டா ஒரு 'ன்' மிச்சம்."

"காமன்னா படிக்கிறவங்க ஒரு மாதிரி நெனைப்பாங்க மிஸ்."

"வேள்னு போடுங்க. அதுவும் அவரு பேருதானே? 'ன்'னே வேணாம்."

"வேள்னு போட்டா இந்த ஊர்ல பாதிப் பேரு முருகன்னு நெனச்சி தேங்கா ஒடைப்பாங்க!"

தனம் அக்கா சிரித்தார். அவர் சிரித்து அதற்குமுன் யாரும் பார்த்ததில்லை என்று அச்சக முதலாளி பிறகு சொன்னார். அண்ணன் அப்படியே நின்றுவிட்டார். நான்தான் கையைப் பிடித்து வெளியே கூட்டி வந்தேன்.

பெயர் மாறவில்லை. இரண்டு பக்கம் கோப்பது, அச்சடிப்பது, எழுத்தைப் பிரித்துப் பெட்டியில் போடுவது, மறுபடி இரண்டு பக்கம் என்று வேலை ஆமையாக நகர்ந்தது. அண்ணனுக்கு அதில் வருத்தமே இல்லை. தினமும் சாயங்காலம் கரும்புச் சாறு இரண்டு பிளாஸ்டிக் பொட்டலம் வாங்கிக்கொண்டு, பிழை திருத்தப் போகிறேன் என்று கிளம்பிவிடுவார். அவர் பிழை பார்ப்பார், அக்கா எழுத்துப் பொறுக்குவார். தகரக் கூரையில் மழை பெய்துகொண்டிருக்கும். தூரத்தில் ரயில் ஊதும். பேச்சு என்று பார்த்தால் "மிஸ், இங்க ஒரு கால் விட்டுப்போச்சு", "சரி சார்", அவ்வளவுதான். ஆனாலும் அந்த அறையில் மூன்றாவதாக யாரோ கிளியோடு உட்கார்ந்திருப்பதுபோல எனக்கே இரண்டொரு தடவை தோன்றியதுண்டு.

ஒருநாள் அக்கா கையிலிருந்த வேலையிலிருந்து கண்ணை எடுக்காமலே சொன்னார்: "இந்தப் புஸ்தகம் முடிஞ்சதும் நான் கிள்ளானுக்கு எங்க அண்ணன் வீட்டுக்கே போயிடுவேன் சார். அவரு எனக்கு செமினில ஒரு எடம் பாத்திருக்காரு. மாப்பிள்ளைக்கு ரெண்டாந்தாரம். எனக்கு அவ்வளவா புடிக்கல."

எந்த மனுஷனும் சுதாரித்துக்கொள்ள வேண்டிய இடம். காதலைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதியவர் என்ன சொன்னார் தெரியுமா?

"செமினியா மிஸ்? எங்க லோரி அடிக்கடி போகும்."

எனக்குச் சுவரில் முட்டிக்கொள்ளலாம்போல இருந்தது. அறைக்கு வந்ததும் திட்டித் தீர்த்தேன். "எனக்குப் பேச வராது தம்பி, எழுதத்தான் வரும்" என்று கம்மிய குரலில் சொன்னார். அன்றிலிருந்து நாவலை நீட்ட ஆரம்பித்தார். கடைசி அம்பை எடுத்துக் குறி பார்த்த மன்மதன் மூன்று அத்தியாயமாகக் குறி பார்த்துக்கொண்டே இருந்தான். "ஒங்க ஆளுக்குக் கை கடுக்கலியா?" என்று அச்சக முதலாளி கேட்டே விட்டார். முடிக்காமல் முடியவில்லை.

"கடைசி அத்தியாயத்துக்கு நீங்க அலைய வேணாம் சார். நானே பிழை பாத்துடுறேன்" என்றார் அக்கா. அண்ணன் அன்று சாப்பிடவில்லை.

புத்தகம் அச்சாகி வந்தது. அண்ணன் கடைசி அத்தியாயத்தைப் புரட்டினார். முகம் சிவந்தது. 'மன்மதன் தன் கடைசி அன்பை எடுத்தான். அன்பு கூர்மையாக இருந்தது. அன்பு பாய்ந்தது.' அம்பு என்று வரவேண்டிய இடமெல்லாம் அன்பு!

மேகம் இடித்ததை அன்றுதான் பார்த்தேன். புத்தகத்தைத் தூக்கிக்கொண்டு அச்சகத்துக்கு ஓடினார். பின்னாலேயே நானும்.

"ஒரு எடம்னா பரவால்ல மிஸ். அத்தியாயம் பூரா இப்படியா?"

அக்கா நிமிர்ந்து பார்த்தார். துணிமணிப் பை பக்கத்தில் தயாராக இருந்தது. "'ம்' தீந்து போச்சு சார். இருக்கிறத போட்டேன்."

"இருக்கிறத போடுவீங்களா? என் வாழ்க்கையில ஒரே புஸ்தகம் மிஸ்!"

"எனக்கும்தான்" என்று சொல்லிவிட்டு அக்கா வேறு பக்கம் திரும்பிக்கொண்டார்.

திரும்பி வரும் வழியில், கடைகளின் முன்னால் உள்ள அஞ்சடி நடைபாதையில், அண்ணன் புலம்பிக்கொண்டே வந்தார். "'ம்' இல்லன்னா கேட்டு வாங்கணும். அதுக்குன்னு 'ன்' போடுறதா? 'ன்' போட்டா..." சட்டென்று நின்றார்.

"தம்பி, அவங்ககிட்ட எந்த எழுத்து இல்லன்னு சண்ட போட்டாங்க?"

"'ன்'தானே அண்ணே."

"இல்லாத 'ன்'ன எங்கேருந்துடா எடுத்தாங்க, இத்தன அன்புக்கு?"

அவர் கண் கலங்கியிருந்தது.

"நீ போயி கேளேன்" என்றார்.

"என்னன்னு கேக்குறது?"

"மறுபதிப்பு போடணுமான்னு."

கழுத்தைப் பிடித்துத் தள்ளாத குறையாக நான்தான் அவரைத் திருப்பி அனுப்பினேன். அக்கா பையோடு அச்சக வாசலுக்கு வந்துவிட்டிருந்தார். அண்ணன் எதிரில் போய் நின்றார். நெடுநேரம் தொண்டையைச் செருமினார்.

"மிஸ், அந்த அத்தியாயத்துல திருத்தம் எதுவும் வேணாம். அப்படியே இருக்கட்டும்."

"அப்படியேவா?"

"ஆமா. எனக்கும் அதான்... அதேதான்."

அக்கா பையைக் கீழே வைத்தார். "இத சொல்ல இவ்வளவு நாளா? ஞாயித்துக்கெழம கிள்ளானுக்கு வாங்க. எங்கண்ணன் முன்னாலயும் இதையே சொல்லுங்க. லோரிய பத்தி மட்டும் பேசிடாதீங்க."

போனார், சொன்னார். கல்யாணமும் நடந்தது. இருவரும் கிள்ளானிலேயே குடியேறினார்கள். அதற்குப் பிறகு அண்ணன் நாவல் எதுவும் எழுதவில்லை. ஏன் என்று கேட்டால், "அவனுக்கு இப்ப எங்க வீடே போதுமாம்பா" என்பார். தனம் அக்கா உள்ளே இருந்து, "எறும்பு வராத வரைக்கும் சரி" என்று குரல் கொடுப்பார்.

அந்தப் புத்தகம் என்னிடம் இன்னும் இருக்கிறது. கதை சுமார்தான். ஆனால் எழுதியவரையும் அச்சுக் கோத்தவரையும் எனக்கு அவ்வளவு பிடிக்கும். வாங்கிப் போய்ப் படிப்பவர்கள் சிலர், கடைசி அத்தியாயத்துப் பிழையை அக்கறையாகப் பென்சிலால் திருத்திக் கொண்டுவந்து தருகிறார்கள். நன்றி சொல்லி வாங்கிக்கொண்டு, அவர்கள் போனதும் உட்கார்ந்து, அந்தத் திருத்தங்களை ஒவ்வொன்றாக ரப்பரால் அழித்துவிடுகிறேன்.