மனைவிக்குப் பிடிக்காத ஆல்பம்

கம்பெனி, முதலாளி என்று யாரும் இல்லாமல் தானே எழுதி, தானே பாடி, தானே வெளியிடுகிறவர் நம் பாடகர். முதல் ஆல்பத்தில் ஒரு கிதாரும் ஒரு தொண்டையுமாக வந்தார். மனைவி "நல்லா இருக்குங்க" என்றாள். உலகம் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. ஆகவே இரண்டாவது ஆல்பத்துக்கு ஒரு சபதம் எடுத்தார்: அவளுக்குப் பிடித்தது எதுவும் அதில் இருக்கக் கூடாது!

படுக்கையறைத் துணி அலமாரிதான் அவருடைய ஒலிப்பதிவுக் கூடம். அதற்குள் தலையை நுழைத்துக்கொண்டு இந்தச் சபதத்தை டிரம்மருக்கு ஃபோனில் சொன்னார். பாடகர் ரகசியம் பேசினால் தெருமுனை வரை கேட்கும்.

மறுநாளே புதுச் சத்தம் கிளம்பியது. டிரம்ஸ் இடித்தது. சிந்தசைசர் ஊளையிட்டது. பேஸ் கிதார் உறுமியது. பக்கத்து அறையில் மனைவி ஆன்லைனில் கணக்கு டியூஷன் எடுத்துக்கொண்டிருந்தாள்.

"மிஸ், உங்க வீட்டை இடிக்கிறாங்களா?" என்று பிள்ளைகள் கேட்டார்கள். இரண்டு பேர் வகுப்பை விட்டே நின்றுவிட்டார்கள்.

சண்டைக்கு வருவாள் என்று இவர் மார்பை நிமிர்த்திக் காத்திருந்தார். வந்தவள் சிரித்தாள்.

"அடடா! அந்த டிரம்ஸ் என்னமா இருக்கு! இன்னும் கொஞ்சம் சத்தமா வைங்களேன்."

அவர் ஹெட்ஃபோனைக் கழற்றினார்.

"நிஜமாவா சொல்றே?"

"சத்தியமா! காலு ஒரு இடத்துல நிக்கல."

டிரம்ஸ் போயிற்று.

"அந்த ஊளைச் சத்தம் இருக்கே, கண்ணுல தண்ணியே வந்துடுச்சுங்க."

சிந்தசைசரும் போயிற்று. பாத்திரம் கழுவும்போது அவள் பேஸ் கிதாரோடு சேர்ந்து முனகினாள். சாயங்காலத்துக்குள் அதையும் தூக்கிவிட்டார். மிச்சம் அவரும் பழைய கிதாரும்தான்.

"இப்ப எப்படி இருக்கு?"

"கோவிச்சுக்காதீங்க. ரொம்ப மெதுவாப் பாடறீங்க. எனக்குப் பிடிக்கவே இல்லை."

மனுஷர் துள்ளிக் குதித்தார். இன்னும் மெதுவாகப் பாடினார்.

அனுப்பிய பாட்டைக் கேட்டதும், ஒலியைச் சீராக்கித் தரும் மிக்சிங் இன்ஜினியர் உடனே கூப்பிட்டார். "அண்ணே, ஆளே மாறிட்டீங்க! இவ்வளவு அமைதியாப் பாட ஒரு தைரியம் வேணும்!"

தலைகால் புரியாமல் பக்கத்து அறைக்கு ஓடினார். "பாத்தியா! நீ நல்லா இருக்குன்னதையெல்லாம் ஒவ்வொண்ணாத் தூக்கினேன். அதுதான் சூட்சுமம்!"

"தெரியுங்க. நீங்க அலமாரியில சொன்னது என் வகுப்புக்கே கேட்டுச்சு." அவள் லேப்டாப்பை மூடினாள். "நின்ன ரெண்டு பேரும் வந்துட்டாங்க."

பாடகர் கிதாரை மெல்லக் கீழே வைத்தார்.

"அடுத்த ஆல்பத்துல," என்றாள் அவள், "எனக்குக் கிதார் ரொம்பப் பிடிக்கப் போகுதுங்க."