படகைக் கரை சேரவிடாத விளக்கவுரையார்

"இந்த வீட்டுல யாருக்கும் ரசனையே கிடையாது." வேலை விட்டு வந்து ஒரு காலுறையைக் கழற்றி, மறுகாலுறையில் கை வைப்பதற்குள் அவர் இதைச் சொல்லிவிடுவார். தினமும். காலுறைகள் கழற்றிய இடத்திலேயே கிடக்கும். அதைப் பொறுக்கிப் போடும் ரசனை மட்டும் மனைவிக்கு உண்டு.

இவர்தான் பழைய ஜப்பானிய அனிமேஷன் படங்களின் விளக்கவுரையார். உங்களுக்கும் ஒருவரைத் தெரிந்திருக்கும். ஓடிடியில் படம் தேட முக்கால் மணி நேரம், "டப்பிங்ல பாக்கிறதெல்லாம் பாவம்" என்று மொழியை மாற்றப் பத்து நிமிடம், பிறகு திரைச்சீலையை இழுத்து, மின்விசிறியைக் குறைத்து, குக்கர் விசில் அடிக்கக் கூடாதென்று சமையலறைக்கே தடை போட்டு, ஒருவழியாகப் படம் ஓட ஆரம்பித்ததும் ரிமோட்டை எடுத்து நிறுத்திவிடுவார். எதற்கு? விளக்க.

"அந்த மேகத்தைப் பாரு. கையால வரைஞ்சது."

"பாத்தாச்சுங்க. போடுங்க."

"பாத்தே. கவனிச்சியா?"

மகள் ஒருமுறை "கார்ட்டூன்" என்று சொல்லிவிட்டாள். இரண்டு நாள் அவர் யாரோடும் பேசவில்லை. வீடு அமைதியாக இருந்தது.

ஆனால் ஒரு படத்தில் மனைவி வசமாக மாட்டிக்கொண்டாள். கடலுக்குப் போய்த் திரும்பாத அப்பாவைத் தேடி ஒரு சிறுமி தனியாகப் படகில் கிளம்புகிறாள். மூன்று ஞாயிறாக அந்தப் படகு கடலின் பனிமூட்டத்தைத் தாண்டவில்லை. விளக்கம் முடிவதற்குள் பொழுது போய்விடும். அடுத்த ஞாயிறு மறுபடி முதலிலிருந்துதான். பாதியில் தொடங்குவது கலைக்குச் செய்யும் துரோகமாம். துணி மடிக்கும்போதும் மனைவிக்கு அந்தச் சிறுமியைப் பற்றிய கவலைதான்.

நான்காம் ஞாயிறு, அன்று மாலை ஆறு மணியோடு படத்தை எடுத்துவிடப்போவதாகத் திரையில் அறிவிப்பு வந்தது. நான்கு மணிக்கு உட்கார்ந்தார்கள். நான்கே காலுக்கு மேகம். நான்கரைக்குத் துடுப்பு.

"இந்தத் துடுப்புல ஒரு தத்துவம் இருக்கு."

"இருக்கட்டும். காது மேல முடி புரளுது. சலூன் போய்ட்டு வந்துடுங்களேன், நாளைக்கு ஆபீஸ் இருக்கே."

"போறேன். நான்தான் இதைப் பதினோரு தடவை பாத்திருக்கேனே."

அவர் செருப்பு மாட்டும் சத்தம் கேட்டதுமே மகள் ரிமோட்டைக் கையில் எடுத்தாள். அம்மாவும் மகளும் வாய் திறக்காமல் கடைசிவரை பார்த்தார்கள்.

அவர் திரும்பி வந்தபோது படம் ஓடிடியில் இல்லை. கூடத்துக்கும் வாசலுக்குமாக நாலு நடை நடந்தார். பின்கழுத்தைத் தடவினார்.

"ஏன், அந்தப் பொண்ணு... அப்பாவைக் கண்டுபிடிச்சுட்டாளா?"

அப்போதுதான் மனைவிக்கு உறைத்தது. பதினோரு தடவையும் மனுஷர் பார்த்தது மேகத்தை மட்டும்தான்.

"சொல்றேன். அந்தப் பனிமூட்டத்தைக் கவனிச்சீங்களா? கையால வரைஞ்சது."

"சொல்லேன்மா."

"முதல்ல நேத்து கழட்டின அந்தக் காலுறையை எடுத்துப் போட்டுட்டு வாங்க."

எடுத்துப் போட்டார்.

அதனால், வேறெந்த ஓடிடியிலாவது இந்த மாதிரிப் பழைய படங்கள் வந்தால் தயவுசெய்து பாருங்கள். பார்க்க வேண்டிய படங்கள்தான். ரிமோட்டைப் பக்கத்தில் இருப்பவரிடம் கொடுத்துவிட்டுப் பாருங்கள். கொடுக்கக் கை வரவில்லையா? அப்படியென்றால், சலூன் எத்தனை மணிவரை திறந்திருக்கும் என்று உங்கள் வீட்டிலும் விசாரித்துக்கொண்டிருப்பார்கள்.