அரை மார்க் டீச்சரும் இரண்டு பல்லும்

பிரம்மா தன் படைப்பைக் கொண்டுவந்து மேஜையில் வைத்திருந்தாலும், எங்காவது ஒரு அரை மார்க்கைக் குறைத்துத்தான் திருப்பிக் கொடுத்திருப்பார் எங்கள் தெரு அரை மார்க் டீச்சர். பாளையங்கோட்டையில் அவரிடம் நூற்றுக்கு நூறு வாங்கியவர் கிடையாது. தொண்ணூற்றொன்பதரை வாங்கிய பெண் ஒருத்தி டாக்டருக்குப் படித்து முடித்து, இடுப்பில் குழந்தையுமாக வந்து, "அந்த அரை மார்க்கு எதுல டீச்சர் போச்சு" என்று கேட்டதை நான் கண்ணால் கண்டேன். "சதுர சென்டிமீட்டர்னு போடாம வெறும் சென்டிமீட்டர்னு போட்டுட்ட" என்று யோசிக்காமல் பதில் சொன்னார் டீச்சர்.

பெண்கள் பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. ஐம்பது வயது, கட்டை உருவம், எப்போதும் கைப்பையில் ஒரு சிவப்புப் பேனா. டீச்சர் கிறிஸ்தவர். அவர்கள் கோயிலில், எங்கள் பக்கத்தில் ஐயர் என்று சொல்கிற பாதிரியார் ஒருநாள் பிரசங்கத்தை "மூன்று காரியங்களைச் சொல்ல விரும்புகிறேன்" என்று தொடங்கி இரண்டோடு முடித்துவிட்டாராம். ஆராதனை முடிந்ததும் டீச்சர் அவரை வாசலிலேயே நிறுத்தி, "மூணாவது என்ன ஐயரே" என்று கேட்டுவிட்டார். அதற்குப் பிறகு ஐயர் எண்ணிக்கை சொல்லிப் பிரசங்கம் தொடங்குவதே இல்லை.

தொண்ணூறுகளில் நான் அரசு அலுவலகமொன்றில் குமாஸ்தா. டீச்சருக்கு அடுத்த வீட்டில் நானும் என் மனைவி கோமதியும் வாடகைக்குக் குடியிருந்தோம். குடிவந்த புதிதில் என் தம்பி கல்யாணப் பத்திரிகையை அவரிடம் கொடுத்தேன். மறுநாள் காலையில் காம்பவுண்டுச் சுவருக்கு மேலே அது திரும்பி வந்தது, சிவப்பு மையில் ஒரு வட்டத்தோடு. தேதிக்கும் கிழமைக்கும் பொருந்தவில்லை. மாப்பிள்ளைக்கும் பெண்ணுக்கும் பத்துப் பொருத்தம் பார்த்த ஜோசியர், அச்சாபீஸ்காரர், என் அப்பா, நான் என்று அத்தனை பேரும் பார்த்துவிட்டுத்தான் கொடுத்தோம். அவசர அவசரமாக வேறு பத்திரிகை அடித்தோம்.

அப்படிப்பட்டவர் ஒரு கார் வாங்கினார். எண்பதுகளில் ஊரெல்லாம் ஓடத் தொடங்கிய சின்ன வெள்ளைக் கார்தான். இரண்டு கை மாறி வந்தது. பெல்ட் மாற்ற வேண்டிய காலம் வந்ததும் ஒரு ஒர்க்‌ஷாப்பில் விட்டுவிட்டு, நாற்காலி போட்டு எதிரே உட்கார்ந்துகொண்டார்.

அந்தப் பெல்ட்டைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லிவிடுகிறேன். எஞ்சினின் பக்கவாட்டில் மேலே ஒரு சக்கரம், கீழே ஒரு சக்கரம். இரண்டையும் சேர்த்து ஓட்டுவது பல் வைத்த ஒரு ரப்பர் பெல்ட். ஒவ்வொரு சக்கரத்திலும் ஒரு குறி இருக்கும், அதற்கு எதிரே எஞ்சின் உடம்பிலும் ஒரு குறி இருக்கும். மேலும் கீழும் குறியும் குறியும் நேருக்கு நேர் நிற்கும்போதுதான் பெல்ட்டை மாட்ட வேண்டும். பல் தள்ளி மாட்டினால் எஞ்சினுக்கு மூச்சு முட்டும். இந்தக் குறிக்கு மெக்கானிக்குகள் வைத்திருக்கிற பெயர் மார்க். டீச்சருக்கென்றே படைத்த வேலை இது.

"அரைப்பல்லு தள்ளி நிக்கே" என்றார் டீச்சர்.

"அரைப்பல்லுதானம்மா. ஓடும்" என்றார் மெக்கானிக்.

"ஓடும். சரியா இருக்குமா?"

மூன்று தடவை கழற்றி மாட்டிய பிறகு மெக்கானிக் ஸ்பேனரை டீச்சர் கையில் கொடுத்துவிட்டு டீ குடிக்கப் போய்விட்டார். அன்றிலிருந்து அந்த வேலையை டீச்சரே செய்தார். கிராஃப் தாளில் எஞ்சினை அளவெடுத்து வரைந்து காலண்டருக்குப் பக்கத்தில் மாட்டிவைத்தார். இரண்டு வருஷத்தில் ஜங்ஷன் பக்கத்து மெக்கானிக்குகளே எண்ணெய்க் கையோடு வந்து, "டீச்சரம்மா, மார்க்கு நேரா நிக்கான்னு ஒருக்கா பாத்துச் சொல்லுங்க" என்று கூட்டிக்கொண்டு போனார்கள். எங்கள் தெருவுக்கு அதில் எவ்வளவு பெருமை என்று சொல்லி முடியாது. வெளியூரிலிருந்து விருந்தாளி வந்தால் நெல்லையப்பர் கோயிலுக்குக் கூட்டிப்போகிறோமோ இல்லையோ, டீச்சர் ஸ்பேனர் பிடிப்பதைக் காட்டிவிடுவோம்.

பெருமைப்படாத ஒரே ஆள் மாவு மில் அண்ணாச்சி. மில்லில் மூன்று பெல்ட் ஓடுவதால், பெல்ட் என்றால் தன்னைத்தான் கேட்க வேண்டும் என்பது அவர் எண்ணம்.

"நழுவுதா, கொஞ்சம் குங்கிலியப் பொடியத் தூவுங்க. சரியாப் போவும்" என்பார்.

"உங்க பெல்ட்டுக்குப் பல்லு கிடையாது அண்ணாச்சி."

"என் வாயிலயே பாதிப் பல்லு கிடையாது. நான் சாப்பிடலயா?"

இப்படி இருக்கும்போதுதான் கோமதிக்கு நேர்முகத் தேர்வுக் கார்டு வந்தது. பாபநாசத்துக்குப் பக்கத்துப் பள்ளிக்கூடத்தில் தமிழாசிரியை வேலை. பி.எட். முடித்து வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்துவிட்டு ஆறு வருஷம் காத்திருந்தவள் அவள். திங்கட்கிழமை காலை ஒன்பது மணிக்கு அங்கே இருக்க வேண்டும். கார்டு வந்த மூன்றாம் நாள் பஸ் ஸ்டிரைக் என்று அறிவித்துவிட்டார்கள். வாடகைக் கார் ஒன்றுகூட மிச்சமில்லை. கோமதி அழவில்லை. கார்டை எடுத்துப் படிப்பதும் திரும்ப உள்ளே வைப்பதுமாக இருந்தாள். அதைப் பார்ப்பதற்கு அவள் அழுதிருந்தாலே தேவலை.

விஷயம் தெரிந்து டீச்சரே சுவரோரம் வந்தார். "ஏளா கோமதி, நான் கொண்டுபோய் விடுதேன். பெல்ட்டு மட்டும் பழசாயிட்டு. ஆயுத பூஜை லீவுல மாத்திருதேன், பெறவு கவலையே இல்ல."

சொன்னபடியே வெள்ளிக்கிழமை ஆயுத பூஜையன்று மூடியைத் திறந்து, பழைய பெல்ட்டைக் கழற்றி வைத்தார். புதுப் பெல்ட் மறுநாள்தான் கிடைக்கும். சாயங்காலம் கோமதி எங்கள் வீட்டு அரிவாள்மனை, கத்தரிக்கோல், என் சைக்கிள் எல்லாவற்றுக்கும் பொட்டு வைத்துவிட்டு, சந்தன, குங்குமக் கிண்ணத்தோடு சுவரோரம் நின்றாள்.

"டீச்சர், வண்டிக்கும் வைக்கட்டுமா? நம்ம வழக்கம்... நீங்க தப்பா நெனைக்கப்படாது."

"தாராளமா வையி. வண்டிக்கு ஜாதி மதம் உண்டா?"

கோமதி முன்னால் வைத்தாள், பின்னால் வைத்தாள், ஸ்டியரிங்கில் வைத்தாள். திறந்து கிடந்த எஞ்சினிலும் எட்டிய இடத்தில் ஒன்று வைத்தாள்.

மறுநாள் காலையில் டீச்சர் என்னை உதவிக்குக் கூப்பிட்டார். காரணம் அவர் கழுத்து. பரீட்சைத் தாள் திருத்தித் திருத்திக் கழுத்து வலி வந்து, டாக்டர் பட்டை போட்டிருந்தார். ஸ்டூலில் உட்கார்ந்து, காரின் முன்சக்கரத்தைக் கழற்றிய இடைவெளி வழியாகக் கீழ் மார்க்கை நேராகப் பார்க்கலாம். மேல் மார்க்கைப் பார்க்க, குனிந்து கழுத்தை ஒருச்சாய்த்து எட்டிப் பார்க்க வேண்டும். அதற்குத்தான் நான். டீச்சர் தன் வாழ்நாளில் அடுத்தவன் கண்ணை நம்பியது அந்த ஒருநாள்தான்.

"தம்பி, பைய. பெல்ட்டு இல்லாததால மேல்சக்கரம் தானா கொஞ்சம் நவுந்திருக்கும். ஸ்பேனரப் போட்டுத் திருப்பி, மார்க்க நேரா கொண்டாங்க. மார்க்கு தெரியுதா?"

டார்ச் அடித்துப் பார்த்தேன். சிவப்பாக, வட்டமாக, அழகாகத் தெரிந்தது. இவ்வளவு தெளிவாகக் குறி போட்டுக் கொடுத்திருக்கிறார்களே என்று அதைச் செய்தவர்களை மனதுக்குள் மெச்சிக்கொண்டேன்.

"நல்லாத் தெரியுது டீச்சர்."

"நேரா நிக்கா? அரைப்பல்லு கிரைப்பல்லு தள்ளி இருக்கா?"

"நூல் பிடிச்ச மாதிரி நிக்கு."

பெல்ட்டை மாட்டினோம். கையாலேயே எஞ்சினை இரண்டு முழுச் சுற்று சுற்றி, மறுபடி பார்க்கச் சொன்னார். சிவப்பு வட்டம் போன இடமெல்லாம் போய்விட்டு, பழைய இடத்துக்கே சமர்த்தாக வந்து நின்றது. நான் தைரியமாகச் சான்றிதழ் கொடுத்தேன்.

சாயங்காலம் வெள்ளோட்டம். வண்டி கிளம்பவே அரை மணி நேரம் முக்கியது. தாமிரபரணிப் பாலத்துக்குக்கூட அது போய்ச் சேரவில்லை. மிதித்தால் இழுவை இல்லை, பின்னால் சைலன்சரில் படார் படார் என்று வெடித்தது, கடைசியில் நடுரோட்டில் நின்றுவிட்டது. நாலு பேர் தள்ளிக்கொண்டு தெருவுக்குள் வந்தோம். மில் வாசலில் அண்ணாச்சி வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு நின்றார்.

"சாக்பீசு வேற, ஸ்பேனர் வேறன்னு சொன்னா யாரு கேக்கா" என்று என்னிடம் சொன்னார், டீச்சருக்குக் கேட்கிற மாதிரி. "திங்கக்கிழமை எப்படிவே போவீரு? பொண்டாட்டிய சைக்கிள்ல வச்சா?"

டீச்சர் வீட்டுக்குள் போனார். கோமதி அன்றைக்குச் சாப்பிடவில்லை.

ஞாயிற்றுக்கிழமை டீச்சர் வீட்டில் துரும்பு அசையாது. விடைத்தாள்கூடத் திருத்தமாட்டார். ஆனால் அன்றைக்குக் கோயிலிலிருந்து வந்த சேலையோடேயே நேராகக் காரிடம் போய், என்னைக் கூப்பிட்டார்.

"கிணத்துல விழுந்த மாட்டத் தூக்க ஓய்வுநாள் பாக்கப்படாது. உங்க வீட்டுல முகம் பாக்குற கண்ணாடி இருக்கா?"

எங்கள் சுவரில் தொங்கிய கண்ணாடியைக் கழற்றிக்கொண்டு வந்தேன். கழுத்தைத் திருப்பாமலே, கண்ணாடியை எஞ்சின் ஓரத்தில் சாய்த்துப் பிடித்து, டார்ச்சை அடித்தார். வெகுநேரம் பார்த்தார்.

"தம்பி, இங்கன சிவப்பா இருக்கே, இதத்தான் மார்க்குன்னு சொன்னீயளா?"

"ஆமா டீச்சர்."

கையை விட்டுச் சக்கரத்தைத் தொட்டார். விரலை மூக்கருகே கொண்டுபோனார். பிறகு என் மூக்கருகே நீட்டினார். சந்தனம் மணத்தது.

டீச்சர் ஒரு துணியால் பக்கத்தில் படிந்திருந்த எண்ணெய்ப் பிசுக்கைத் துடைத்தார். கோமதி வைத்த பொட்டுக்கு இரண்டு பல் தள்ளி, கடுகளவு ஒரு குழி தெரிந்தது. அதுதான் அசல் மார்க். ஆறு வருஷக் காத்திருப்பை என் கண் இரண்டு பல் தள்ளி மாட்டியிருந்தது.

"இப்பமே போயி கோமதிகிட்டச் சொல்லிருதேன் டீச்சர். அண்ணாச்சிகிட்டயும் சொல்லிருதேன். எல்லாம் என் முட்டாத்தனம்."

"வாயத் தொறக்கப்படாது" என்றார். வகுப்பில் சொல்கிற அதே குரல். "நாளைக்கு அங்கன போயி நாலு பேருக்கு முன்னால உக்காரப்போற பிள்ள. தான் வச்ச பொட்டாலதான் வண்டி நின்னுச்சுன்னு தெரிஞ்சா, சகுனம் சரியில்லன்னு மனசு விட்டுரும். கேட்ட கேள்விக்கு என்னத்தப் பதில் சொல்லும்? நாளைக்கும் சொல்லப்படாது, பெறவும் சொல்லப்படாது. கேட்டீயளா?"

பெல்ட்டைக் கழற்றி, அசல் மார்க்குக்கு நேராக வைத்து மாட்டினோம். இந்தத் தடவை என் கண்ணைக் கேட்கவில்லை, கண்ணாடியைக் கேட்டார். நான் பொட்டைத் துடைக்கப் போனேன். கையைத் தட்டிவிட்டார். "அது பாட்டுக்கு இருக்கட்டும். ஆசையா வச்ச பொட்டு" என்றார்.

சாவியைத் திருப்பியதும் முதல் தடவையிலேயே எஞ்சின் பிடித்துக்கொண்டது. சத்தம் கேட்டுத் தெருவே கூடிவிட்டது. கோமதி ஓடிவந்து வாசலில் நின்றாள். அண்ணாச்சி கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தார்.

"என்னம்மா கோளாறு? யாரு பண்ணுன தப்பு?"

நான் தரையைப் பார்த்தேன். டீச்சர் கையைத் துடைத்துக்கொண்டே, கடைசி பெஞ்சு வரை கேட்கிற குரலில் சொன்னார்: "மார்க்கத் தப்பாப் பாத்துட்டேன் அண்ணாச்சி. எந் தப்புதான்."

அரை மார்க் டீச்சர் தப்பு செய்தார் என்பதை அவர் வாயாலேயே கேட்ட முதல் கூட்டம் நாங்கள்தான். அண்ணாச்சிக்கு அன்றைக்கு வந்த சந்தோஷம் அவர் மகள் கல்யாணத்துக்குக்கூட வந்ததில்லை. மாவு அரைக்க வருகிறவர்களிடமெல்லாம் வருஷக்கணக்காக இதைச் சொன்னார். டீச்சர் காதுபடவும் சொன்னார். "ஆமா, உள்ளதத்தான் சொல்லுதாரு" என்று சொல்லிவிட்டு டீச்சர் மாவை வாங்கிக்கொண்டு போவார். பக்கத்தில் நிற்கிற எனக்குத்தான் உடம்பெல்லாம் கூசும்.

திங்கட்கிழமை விடியக் கிளம்பினோம். சேரன்மகாதேவி, கல்லிடைக்குறிச்சி, அம்பாசமுத்திரம் என்று வண்டி பறந்தது. ரோட்டில் பஸ்ஸே இல்லை. வயலெல்லாம் பச்சை, எதிரே மலை. டீச்சர் கழுத்தில் பட்டையோடு நேரே பார்த்து ஓட்டிக்கொண்டு, கோமதியிடம் இலக்கணத்தில் கேள்வி மேல் கேள்வி கேட்டபடி வந்தார். எட்டேகால் மணிக்குப் பள்ளிக்கூட வாசலில் இறக்கிவிட்டார். அன்றைக்கு வந்து சேர முடிந்தவர்களே ஏழெட்டுப் பேர்தான். கோமதிக்கு வேலை கிடைத்தது.

கிடைத்த நாளிலிருந்து அவள் ஊரெல்லாம் ஒரே கதைதான் சொல்லிக்கொண்டு இருக்கிறாள். டீச்சர் மார்க்கைத் தப்பாகப் பார்த்தும் வண்டி பிழைத்ததற்கு, தான் வைத்த பொட்டுதான் காரணமாம். டீச்சர் இருக்கும்போதே இதைப் பத்து முறையாவது சொல்லியிருப்பாள். ஒவ்வொரு முறையும் டீச்சர், "பின்ன, அந்தப் பொட்டு இல்லன்னா என்னாயிருக்கும்" என்று ஒரு சிரிப்புக்கூட இல்லாமல் ஆமோதிப்பார். நான் எழுந்து தண்ணீர் குடிக்கப் போய்விடுவேன்.

ஊரார் தப்பையெல்லாம் ஒன்றுவிடாமல் வட்டம் போட்டவர், என் தப்பை மட்டும் எடுத்துத் தன் பெயரில் எழுதிக்கொண்டார். அதைச் சாகும்வரை அடித்துத் திருத்தவே இல்லை. போன வருஷம் டீச்சர் காலமானார். அடக்கத்துக்கு மாவு மில் அண்ணாச்சியும் கைத்தடியோடு வந்திருந்தார். "எப்பேர்ப்பட்ட மனுஷி. அந்தப் பெல்ட்டு ஒண்ணுலதான் சறுக்கிட்டா" என்று என் தோளைப் பிடித்துக்கொண்டு அழுதார். அப்போதும் நான் வாயைத் திறக்கவில்லை.

கோமதி தலைமையாசிரியையாக இருந்து ஓய்வு பெற்று, இப்போது வீட்டில் வாரப் பத்திரிகை விடாமல் படிக்கிறாள். இந்த வாரம் இந்தப் பக்கத்தைப் படித்துவிட்டு என்னோடு பேசாமல் இருக்கப்போகிறாள். இருக்கட்டும். அவ்வளவு பெரிய மனுஷியின் பக்கத்து வீட்டில் நான் குடியிருந்தேன் என்று பெருமையடிக்க எனக்கு ஆசை. அதற்கு முதலில் உண்மையைச் சொல்லியாக வேண்டும். மார்க்கைத் தப்பாகப் பார்த்தது நான்தான், டீச்சர் சரியாகத்தான் பார்த்தார்.