தவக்காலத்தில் ஒரு பண்ணை

பச்சைப் பொத்தானை அமுக்கிய பிறகுதான், அமுக்கியிருக்க வேண்டாமோ என்று அடைக்கலராஜுக்குத் தோன்றியது.

தொடுதிரை டேப்பில் பண்ணை ஆட்டத்தைத் திறந்ததும் ஆங்கிலத்தில் நாலு வரி வந்தது. கீழே பச்சையில் ஒரு பொத்தான், சிவப்பில் ஒரு பொத்தான். மின்வாரியத்தில் போர்மேனாக இருந்து ஓய்வு பெற்றவர் அவர். பொத்தானைக் கண்டால் கை சும்மா இருக்காது. மேலே என்ன எழுதியிருக்கிறது என்று படிப்பதெல்லாம் புதிதாக வேலைக்குச் சேர்ந்தவர்கள் செய்கிற காரியம் என்பது அவர் எண்ணம். அமுக்கினார். நாலு வரியும் மறைந்து, வெறும் புல்தரை வந்தது. மூலையில் ஒற்றை மாடு நின்றது. அதன் தலைக்கு மேலே 'வெல்கம் நியூ ஃபார்மர்' என்று ஒரு பலகை தொங்கியது.

அங்கே இருந்திருக்க வேண்டியது அவர் மனைவி வியாகுலமேரியின் பண்ணை.

மகன் மெல்வின் குவைத்துக்குப் போனான், மகள் மெர்லின் கல்யாணமாகித் திருச்சிக்குப் போனாள். அதற்குப் பிறகு வியாகுலமேரி சாயங்காலந்தோறும் உட்கார்ந்து வளர்த்த பண்ணை அது. தென்னந்தோப்பு, தாமரைக்குளம், நெல்வயல், நடுவில் நீலக் கோபுரம் வைத்த கோயில் என்று அதில் இல்லாதது இல்லை. மாடுகளுக்குப் பிள்ளைகள் பெயரையும் பேரப்பிள்ளைகள் பெயரையும் வைத்திருந்தாள். முழுப் பண்ணைக்கும் 'மாதா தோட்டம்' என்று பெயர். மெல்வின் போன் பண்ணினால் முதலில் மாடு மெல்வினைப் பற்றிச் சொல்லிவிட்டுத்தான் மகன் மெல்வினை விசாரிப்பாள்.

அப்படிப்பட்டவள் இந்த வருடத் தவக்கால ஒறுத்தலாக, ஆண்டவருக்காகப் பிடித்ததை விடும் நோன்பாக, அந்த ஆட்டத்தையே விட்டுவிட்டாள். தவக்காலம் தொடங்கும் சாம்பல் புதன் அன்று சாயங்காலம் நெற்றியில் சாம்பலோடு வந்து டேப்பைப் புருசன் கையில் கொடுத்தாள்.

"ஈஸ்டர் வரைக்கும் இதைத் தொட மாட்டேன். அதுவரைக்கும் ஒங்க பொறுப்பு. என் தோட்டம் பத்திரம்."

"வெள்ளிக்கிழமை வரைக்கும் தாங்குவியா?" என்று அடைக்கலராஜ் சிரித்தார். சிரித்ததோடு நிற்காமல் ஆவூரில் பாதிப் பேரிடம் சொல்லியும் வைத்தார். அவருடைய ஒறுத்தல் டீயில் சீனியை விடுவது. டாக்டர் போன வருடமே நிறுத்திய சீனியைத்தான் அவர் ஆண்டவருக்காக விட்டார்.

பத்து நாள் கழித்து, விடுமுறையில் வந்த ஒரு கூட்டாளி மூலம் மெல்வின் புது டேப் ஒன்று அனுப்பியிருந்தான். பழையது கண்ணாடி விரிசல் விட்டு, சார்ஜும் நிற்காமல் கிடந்தது. ஈஸ்டர் அன்று அம்மா கையில் புதுசைக் கொடுக்க வேண்டும், அதற்குள் பண்ணையைப் பழையதிலிருந்து புதுசுக்கு மாற்றிவைக்க வேண்டும் என்று அப்பாவிடம் சொன்னான்.

"பாத்துப்பா. பண்ணை போச்சுன்னா அம்மா ஒடைஞ்சு போயிரும்."

"டிரான்ஸ்பார்மரையே மாத்துனவன்டா நான். இதென்ன பெரிய வேலை," என்றார் அடைக்கலராஜ். பேசி முடித்த கையோடு அமுக்கியதுதான் அந்தப் பச்சைப் பொத்தான்.

மகனிடம் உண்மையைச் சொல்ல மனசு வரவில்லை. யாருக்கும் தெரியாமல் பழைய டேப்பைத் துண்டில் சுற்றிக்கொண்டு குளத்தூரில் செல்போன் கடை வைத்திருக்கும் வசந்திடம் போனார். வசந்த் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, உள்ளே போய்த் தேடவேண்டும், பாஸ்வேர்டு சொல்லுங்கள் சார் என்றான். அடைக்கலராஜ் தன் பிறந்த தேதியைச் சொன்னார். இல்லை என்றது. கல்யாணத் தேதியைச் சொன்னார். அதுவும் இல்லை. ஒரு நிமிடம் யோசித்து மெல்வின் பிறந்த தேதியைச் சொன்னார். டேப் மொத்தமாகப் பூட்டிக்கொண்டது.

"இனிமே ரீசெட் அடிச்சாத்தான் சார் தெறக்கும்."

"அடிச்சா என்ன ஆகும்?"

"புதுசா வாங்குன மாதிரி ஆயிரும்."

புதுசு மாதிரி என்ற சொல் அடைக்கலராஜுக்குப் பிடித்திருந்தது. சரி என்றார். வசந்த் அடித்தான். புல்தரையும் போனது, ஒற்றை மாடும் போனது. கூடவே மெர்லின் கல்யாணப் படங்களும் போயின. ஞாயிற்றுக்கிழமைப் பாட்டுக்கென்று வியாகுலமேரி பதிந்து வைத்திருந்த ஞானப்பாட்டு ஒன்றுகூட மிஞ்சவில்லை. டேப் நிஜமாகவே புதுசு மாதிரி ஆகிவிட்டது.

ஏதோ சாக்குச் சொல்லிக் கேட்டதில், படங்கள் தன்னிடம் இருப்பதாக மெர்லின் சொன்னாள். பாட்டைப் பாடகர் குழுவிடம் வாங்கிக்கொள்ளலாம். பண்ணையைத்தான் யாரிடமும் கேட்டு வாங்க முடியாது. வசந்தே பரிதாபப்பட்டு, ஆட்டத்தை நடத்துகிற கம்பெனிக்கு எழுதிப் போட்டான். பண்ணை உங்களுடையதுதான் என்பதற்கு முதல் மாட்டின் பெயரைச் சொல்லுங்கள் என்று பதில் வந்தது.

அன்று சாப்பிடும்போது அடைக்கலராஜ் மெதுவாக ஆரம்பித்தார்.

"ஏன் மேரி, ஒன் பண்ணையில மொத மொத வாங்குன மாட்டுக்கு என்ன பேரு வச்ச?"

வியாகுலமேரி ரசக் கரண்டியை அப்படியே நிறுத்தினாள்.

"இப்ப எதுக்கு அது?"

"சும்மாதான்."

"விட்டதை விட்டுட்டேன். அதைப் பத்திப் பேசி என்னைச் சோதனைக்கு உள்ளாக்காதீங்க," என்று சொல்லிவிட்டு அடுப்பங்கரைக்குப் போய்விட்டாள். அடைக்கலராஜுக்கு அவளை நினைத்தால் பெருமையாகவும் இருந்தது, தன்னை நினைத்தால் வெட்கமாகவும் இருந்தது. மறுநாள் குத்துமதிப்பாக மெல்வின் என்று எழுதச் சொன்னார். அது இல்லை. மெர்லின் என்றார். அதுவும் இல்லை. கடைசியில் துணிந்து தன் பெயரையே எழுதச் சொன்னார். இனி இது பற்றி எங்களுக்கு எழுத வேண்டாம் என்று கம்பெனிக்காரன் முடித்துவிட்டான்.

ஒரே வழிதான் மிச்சம். புது டேப்பில் முதலிலிருந்து ஆடி, ஈஸ்டருக்குள் அந்தப் பண்ணையை அப்படியே எழுப்பிவிட வேண்டும்.

நல்ல வேளையாக வியாகுலமேரிக்கு இந்த வருடம் பக்தி பெருகியிருந்தது. சாயங்காலம் ஆனால் பக்கத்து வீட்டுச் சந்தனமேரியோடு செபம் சொல்லக் கிளம்பிவிடுவாள். சந்தனமேரி தையல் தைக்கிறவள், தனியாள், அவள் வீட்டில் தொந்தரவு இல்லை என்பாள். வெள்ளிக்கிழமை சிலுவைப்பாதை முடிந்த பிறகும் அங்கேதான். திரும்பி வரும்போது கண் சிவந்திருக்கும். ஆண்டவர் பட்ட பாடுகளை நினைத்து அழுதிருப்பாள் என்று அடைக்கலராஜ் ஒன்றும் கேட்க மாட்டார்.

அவள் தலை மறைந்ததும் அவர் டேப்பைச் சட்டைக்குள் வைத்துக்கொண்டு தோட்டத்து மோட்டார் கொட்டகைக்குப் போவார். கத்தரிக்குத் தண்ணீர் பாய்ச்சுவதாகப் பேர். பாய்ச்சியதெல்லாம் டேப்பில் இருந்த கத்தரிக்குத்தான். ஒருநாள் பக்கத்துக் கொல்லைச் செல்லமுத்து வரப்பில் நின்று, "என்ன போர்மேன், செடி எல்லாம் தலையைத் தொங்கப் போட்டுக் கெடக்கு, கரண்டு இல்லையா?" என்று கேட்டார். தவக்காலம் இல்லையா, செடிக்கும் கொஞ்சம் ஒறுத்தல் இருக்கட்டும் என்று அடைக்கலராஜ் வாய்க்கு வந்ததைச் சொல்லி அனுப்பினார்.

ஆட்டம் அவர் நினைத்த மாதிரி இல்லை. மாட்டுக்கு வைக்கோல் போட மறந்தால் கோபித்துக்கொண்டு பால் தராது. ஒரு நாள் விட்டால் நெல் கருகிவிடும். தனக்கு 'மின்னல்' என்று பெயர் வைத்துக்கொண்டு அவர் தட்டுத்தடுமாறிக்கொண்டிருந்தபோது ஓர் ஆறுதல் கிடைத்தது. அந்த ஆட்டத்தில் சுற்று வட்டாரத்தில் ஆடுகிறவர்கள் ஒருவர் வயலுக்கு ஒருவர் தண்ணீர் ஊற்றலாம், பொருள் அனுப்பலாம். 'ரோசாப்பூ' என்ற பெயரில் யாரோ ஒருத்தி தினமும் சாயங்காலம் அவர் வயலுக்குத் தண்ணீர் ஊற்றினாள். வைக்கோல் அனுப்பினாள். குளம் வெட்ட மண்வெட்டி அனுப்பினாள். குருத்தோலை ஞாயிறன்று, நீலக் கோபுரம் வைத்த முழுக் கோயில் ஒன்றையே அனுப்பிவைத்தாள். அடைக்கலராஜுக்குக் கண் கலங்கிவிட்டது.

யாராக இருக்கும் என்று யோசித்துப் பார்த்தார். கீரமங்கலம் பக்கம் ஏதோ ஒரு டீச்சராக இருக்கலாம் என்று தோன்றியது. அவள் பண்ணைக்குள் போய்ப் பார்க்க ஒரு பொத்தான் இருந்தது. பொத்தான் விஷயத்தில் பட்டது போதும் என்பதால் அதை அவர் தொடவில்லை. பதிலுக்குத் தினம் ஒரு பூங்கொத்து மட்டும் அனுப்பினார். தவக்காலத்தில், பெண்டாட்டிக்குத் தெரியாமல், முன்பின் அறியாத ஒருத்திக்குப் பூ அனுப்புகிறோமே என்று உறுத்தியது. ஆனாலும் தினமும் அனுப்பினார்.

பெரிய வியாழனுக்கு முன்னால் புருசனும் பெண்டாட்டியும் கோயிலில் சாமியாரிடம் பாவத்தைச் சொல்லும் பாவசங்கீர்த்தனத்துக்குப் போனார்கள். வியாகுலமேரி முதலில் போனாள். வழக்கமாகச் சட்டென்று முடித்துவிட்டு வருகிறவள், அன்று வரிசையே முணுமுணுக்கும் அளவுக்கு நேரமெடுத்தாள். ஒரு எறும்புக்குக்கூடத் தீங்கு நினைக்காதவள், அப்படி என்னத்தைத்தான் சொல்கிறாளோ என்று அடைக்கலராஜ் வியந்தார். தன் முறை வந்தபோது பண்ணை போனதையும் பூங்கொத்தையும் சேர்த்தே சொன்னார். சாமியார் அந்தப் பக்கம் ரொம்ப நேரம் இருமினார். பிறகு, வீட்டுக்குப் போய் மனைவியிடம் மனசு விட்டுப் பேசுங்கள், அதுதான் உங்களுக்குப் பரிகாரம் என்றார்.

பேச வேண்டும் என்றுதான் இருந்தார். ஒவ்வொரு நாளும் வாயைத் திறந்து திறந்து மூடினார். ஈஸ்டரே வந்துவிட்டது.

காலைப் பூசை முடிந்து, அடுப்பில் பிரியாணி தம்மில் இருந்தது. அடைக்கலராஜ் புது டேப்பைக் கொண்டு வந்து வியாகுலமேரி கையில் கொடுத்தார். மெல்வின் அனுப்பியது என்றார், பண்ணையை அப்படியே மாற்றியாகிவிட்டது என்றார். தென்னை நாலுதான் இருந்தது, தாமரை இன்னும் பூக்கவில்லை. கோயில் ஒன்றை நம்பித்தான் கொடுத்தார். இவள் அழுதால் நானும் உட்கார்ந்து அழுதுவிடுவேன் என்று நினைத்துக்கொண்டார்.

வியாகுலமேரி திறந்து பார்த்தாள். பார்த்துக்கொண்டே இருந்தாள். முகம் வெளுத்தது, பிறகு சிவந்தது. நிமிரவே இல்லை.

"அப்படியே இருக்குங்க," என்றாள் கடைசியில். "ஒண்ணும் மாறல."

அடைக்கலராஜுக்குக் காதை நம்ப முடியவில்லை. இத்தனை நாள் தொடாமல் இருந்ததில் பண்ணையே மறந்துபோய்விட்டது போலிருக்கிறது, தவக்காலத்தின் மகிமையே மகிமை என்று மனசுக்குள் ஆண்டவருக்கு நன்றி சொன்னார். பெரிதாக ஒரு மூச்சு விட்டு நாற்காலியில் சாய்ந்தார். வியாகுலமேரி ஏனோ அவசரமாக டேப்பை மடியில் கவிழ்க்கப் போனாள்.

கவிழ்ப்பதற்குள் பணியாரத் தூக்கோடு சந்தனமேரி உள்ளே வந்துவிட்டாள். வந்தவள் வியாகுலமேரியின் தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்தாள்.

"அட, நம்ம அண்ணி ரோசாப்பூங்கிற பேர்ல ஆடுதுல்ல, அதுக்குத் தினம் பூங்கொத்து அனுப்புமே, அந்த மின்னலோட பண்ணையில்ல இது," என்றாள் அவள். "இது எப்படிண்ணே ஒங்க வீட்டுக்கு வந்துச்சு? அண்ணி மாதா தோட்டத்தைச் சாம்பல் புதன் அன்னைக்குக் காலையிலேயே என் போனுக்குல்ல மாத்திருச்சு."